மாமாவின் டிரம்பெட்டும் விற்றுப்போன சைக்கிளும்

பித்தளைக்கு ஒரு ருசி உண்டு. வியர்த்த உள்ளங்கையில் வெகுநேரம் பொத்தி வைத்திருந்த காசை நாக்கில் வைத்தால் வருமே, அந்தத் துவர்ப்பும் கசப்பும் கலந்த ருசி, அதற்கு மேலே கொஞ்சம் தேங்காய் எண்ணெய் வாசனை. ஒன்பது வயதில், வீட்டில் யாரும் இல்லாத மத்தியானங்களில், தங்கராசு மாமாவின் டிரம்பெட்டிலிருந்து மவுத்பீஸைக் கழற்றி நான் ருசி பார்த்திருக்கிறேன், ஒருமுறை அல்ல, பலமுறை. உதட்டை வைத்து ஊதும் அந்தச் சிறு பாகத்துக்கு எங்கள் அம்மா வைத்த பெயர் ‘எண்ணெய்க் கிண்ணி’. அம்மாவைப் பொறுத்தவரை டிரம்பெட் என்பது ஓர் ‘ஏனம்’, ஏனம் என்றால் புளி போட்டு விளக்க வேண்டும். அப்படி ஒருநாள் அதை முழுசாகப் புளி போட்டு விளக்கிக் கிணற்றடியில் கவிழ்த்து வைத்துவிட்டாள். விரலால் அழுத்தும் மூன்று பித்தான்களும் புளியங்கோது சிக்கி நின்றுபோக, மாமா ஒரு பகல் முழுவதும் கோழியிறகால் கோது எடுத்துக்கொண்டிருந்தார்.

மாமா அம்மாவின் தம்பி. எங்கள் ஊர் செந்துறைக்குப் பக்கம். சொந்தமாக ஒரு குழி நிலம் இல்லாத, கொல்லைவேலைக்குப் போய்ச் சாப்பிட்ட குடும்பம். பதினாறு வயதில் அவர் பொன்மலை ரயில்வே காலனியில், ஓய்வுபெற்ற ஓர் ஆங்கிலோ இந்திய ரயில் டிரைவரின் வீட்டுக்குச் சமையல் வேலைக்குப் போனார். அந்த டிரைவர் சாயங்காலங்களில் டிரம்பெட் ஊதுவாராம், கூடவே அலமாரி நிறைய இசைத்தட்டுகளாம். ஏழெட்டு வருஷம் கழித்து அந்தக் குடும்பம் ஆஸ்திரேலியாவுக்கே போய்விட்டபோது, அவர்கள் விட்டுவிட்டுப் போன டிரம்பெட்டோடு மாமா ஊர் திரும்பினார். போகும்போது அவருக்குச் சோறு வடிக்கத் தெரிந்திருந்தது, வரும்போது ஜாஸ் தெரிந்திருந்தது. எங்கள் தெருவில் சோற்றுக்கு இருந்த மதிப்பு ஜாஸுக்கு இல்லை.

அது என்னடா சங்கதி என்று கேட்டவர்களுக்கெல்லாம் மாமா ஒரே பதிலைத்தான் சொல்வார். “மொதல்ல எல்லாருக்கும் தெரிஞ்ச பாட்ட ஊதணும். ஊதி முடிச்சிட்டு மனசுல தோணுறத ஊதணும். கடைசியில பாட்டுக்கே திரும்பி வந்துடணும்.” அம்மா அரிசி புடைத்துக்கொண்டே சொல்வாள், “அதான் ஊதி முடிச்சாச்சே, வூட்டுக்கு வர வேண்டியதுதான?”

அரியலூர் பஸ் ஸ்டாண்டுக்கு எதிரில் ஒரு பேண்டு செட்டில் அவரைச் சேர்த்துக்கொண்டார்கள். சித்திரை வெயிலில் பொன் கரை வைத்த சிவப்புக் கோட்டு மாட்டிக்கொண்டு, மாப்பிள்ளை ஊர்வலத்துக்கு முன்னால் சினிமாப் பாட்டு வாசித்துக்கொண்டு போக வேண்டும். மாமா பல்லவியை ஒழுங்காக வாசிப்பார், சரணத்தையும் வாசிப்பார், அதற்குப் பிறகு அவர் எங்கே போகிறார் என்று கூட வாசிப்பவர்களுக்கே தெரியாது. கல்லங்குறிச்சி பெருமாள் கோயிலில் நடந்த ஒரு கல்யாணத்தில் மாப்பிள்ளையின் அப்பா பொறுக்க முடியாமல் குறுக்கே வந்து நின்று, “பாட்டு எங்கப்பா போவுது?” என்று கேட்டுவிட்டார். மாமா வாயிலிருந்து டிரம்பெட்டை எடுத்து, “ஒரு சுத்து போயிட்டு வந்துடும்ங்க” என்று பணிவாகச் சொல்லிவிட்டு மறுபடியும் ஊதினாராம். சொன்னபடி பாட்டு வந்தும்விட்டதாம். எங்கள் வீட்டில் அதற்குப் பிறகு, கடைக்குப் போய்த் திரும்பாதவர்களுக்கும் மேயப்போன ஆட்டுக்கும் அதே பேச்சுதான்.

ஐப்பசி கடைசியில் மெட்ராஸிலிருந்து ஒரு கடிதம் வந்தது. டிரைவரின் பழைய சிநேகிதர் ஒருவர், பெரிய ஓட்டல் ஒன்றில் ஜாஸ் வாசிக்கும் குழுவில் டிரம்பெட்டுக்கு ஆள் வேண்டும், தைப் பொங்கல் கழித்து வந்து வாசித்துக் காட்டு, பிடித்திருந்தால் அன்றைக்கே சேர்த்துக்கொள்வார்கள் என்று எழுதியிருந்தார். ஜாஸ் எந்த ஊர்ச் சரக்கு என்று அப்போதும் அம்மாவுக்குத் தெரியாது. ஆனால் தம்பி மெட்ராஸ் போகிறான் என்பது செந்துறைச் சந்தை வரைக்கும் தெரிந்துபோனது. அரியலூர் தையல்காரரிடம் ஒரு வெள்ளைச் சட்டையும் தைக்கக் கொடுத்தாள்.

ஊருக்குள் ஊதினால் கைக்குழந்தைகள் அழுகின்றன என்று புகார் வந்ததால், மாமா பயிற்சிக்குச் சைக்கிளை மிதித்துக்கொண்டு ‘கல்லுக்குழி’க்குப் போவார். சுண்ணாம்புக்கல் வெட்டி எடுத்துவிட்டு அப்படியே விட்டுப்போன பள்ளம் அது. நாலு பக்கமும் வெள்ளைச் சுவர்போல நிற்கும். அங்கே ஊதினால் ஒரு மூச்சு கழித்து எதிர்ச்சுவர் திருப்பி ஊதும். மாமா ஒரு வரி ஊதிவிட்டு நிற்பார். சுவர் முடித்ததும் அடுத்த வரி. கூட வாசிக்க இந்த ஊரில் அவருக்குக் கிடைத்த ஒரே ஆள் அந்தச் சுவர்தான்.

விடுமுறை நாள்களில் என்னையும் சைக்கிளின் முன்பாரில் உட்கார்த்திக் கூட்டிப் போவார். எனக்கு ஒரு வேலை இருந்தது. பள்ளத்தின் அந்தக் கோடிக்குப் போய் நின்று, சத்தம் எப்படிக் கேட்கிறது என்று வந்து சொல்ல வேண்டும். மார்கழியில் ஒருநாள் அவர் ஊதியது, என்னவென்று சொல்லத் தெரியவில்லை, அந்த வயதில் எனக்கு அழுகை வந்துவிட்டது. அதை உடனே சொல்லியாக வேண்டும் என்று ஓடினேன். சரிவில் வேகமாக இறங்கியவளுக்குச் சரளைக்கல்லில் கால் வழுக்கியது. மாமா கண்ணை மூடி ஊதிக்கொண்டிருந்தார். நான் போய் மோதியது டிரம்பெட்டின் விரிந்த வாயில்.

டிரம்பெட் ஊதுகிறவரின் முன்னால் யாரும் ஓடக்கூடாது என்று இன்றைக்கு எனக்குத் தெரியும். முன்னால் படும் அடி அப்படியே அந்த எண்ணெய்க் கிண்ணி வழியாகப் பல்லுக்குத்தான் போகும். மேல்வரிசை முன்பல் ஒன்று பாதியில் உடைந்துபோனது, பக்கத்துப் பல் ஆடியது, உதடு கிழிந்து சட்டையெல்லாம் ரத்தம். மாமா வாயைப் பொத்திக்கொண்டு முதலில் கேட்டது, “ஒனக்கு அடி கிடி பட்டுச்சா?” என்றுதான். எனக்கு முழங்கையில் சிராய்ப்பு, அவ்வளவுதான்.

வீட்டுக்குச் சைக்கிளைத் தள்ளிக்கொண்டே நடந்தோம். ஊர் எல்லை வரும்போது மாமா நின்றார். அம்மாவுக்குச் சட்டென்று கை நீளும், கையில் கிடைத்ததைக் கொண்டு வெளுத்துவிடுவாள். அதைவிட, இவளால்தான் அவன் பிழைப்பு போனது என்று தெருவே எனக்கு ஒரு பேர் வைத்துவிடும். அதெல்லாம் பின்னால் யோசித்துப் புரிந்துகொண்டது. அவர் சொன்னது கொஞ்சம்தான். “நான் சைக்கிள்லேருந்து வுழுந்துட்டேன். நீ அந்தக் கோடியில நின்ன, பாக்கல. ஆரு கேட்டாலும் இதான்.”

அம்மா வாசலிலேயே உட்கார்ந்து அழுதாள். பிறகு எழுந்து மாமாவின் வாயைக் கழுவிவிட்டாள், என் முழங்கைக்கு எண்ணெய் தடவினாள், எப்படிச் சிராய்த்தது என்று கேட்கவில்லை. தப்பித்தோம் என்று நினைத்துக்கொண்டேன். மறுநாள் காலையிலிருந்து சைக்கிளுக்குச் சனி பிடித்தது. “பாழாப்போன சைக்கிள், எந்தம்பி வாயில மண்ணள்ளிப் போட்டுச்சே” என்று போகும்போதும் வரும்போதும் அதற்கு அர்ச்சனை. வாரம் முடிவதற்குள் தா.பழூர்க்காரர் ஒருவருக்கு வந்த விலைக்குத் தள்ளிவிட்டாள். விற்ற பிறகும் திட்டு நிற்கவில்லை. ஒவ்வொரு திட்டும் எனக்குச் சேர வேண்டியது என்று தெரிந்து, கஞ்சியைக் குனிந்தபடியே குடித்து வளர்ந்தேன்.

மாமா மெட்ராஸுக்கு வரவில்லை என்று எழுதிப் போட்டுவிட்டார். வெள்ளைச் சட்டை மடிப்புக் கலையாமல் பெட்டிக்குள் போனது. தையிலும் மாசியிலும் டிரம்பெட்டைத் தொடவில்லை. பங்குனியில் ஒருநாள் அதை எடுத்துக்கொண்டு கல்லுக்குழிக்கு நடந்தே போனார். பல் உடைந்த இடத்தில் மவுத்பீஸ் நிற்கவில்லை, அதனால் வாயின் வலது ஓரத்தில் வைத்து ஊதிப் பார்த்தார். தாயைத் தேடும் கன்றுக்குட்டி கத்துவதுபோல ஒரு சத்தம் வந்தது. சுவரும் அதையே திருப்பிச் சொன்னது. ஒரு வருஷத்துக்கும் மேலாக அந்தக் கன்றுக்குட்டியை வளர்த்தார்.

திரும்பி வந்தது பழைய சத்தம் அல்ல. கொஞ்சம் மெலிந்து, ஓரத்தில் காற்று கசிந்து, பேசிக்கொண்டே வருகிற மாதிரி இருந்தது. சிவப்புக் கோட்டுக்குள்ளே அந்த வெள்ளைச் சட்டையைப் போட்டுக்கொண்டு அவர் முதலில் வாசிக்கப்போன கல்யாணத்தில், வாய் கோணுவதைப் பார்த்துப் பிள்ளைகள் சிரித்தார்கள். சில வருஷங்களில், ‘கோணவாயர்’ வருவார் என்றால்தான் தேதி கொடுப்போம் என்று ஜெயங்கொண்டம், பெரம்பலூர்ப் பக்கமெல்லாம் பெண்வீட்டார் அடம்பிடித்தார்கள். ஒரு வரி ஊதிவிட்டு, சுவர் பதில் சொல்லட்டும் என்பதுபோல அவர் நிற்கிற வழக்கம் மட்டும் போகவேயில்லை. அந்த இடைவெளியைத் தவில்காரர்கள்கூட வேடிக்கை பார்த்தார்கள். முப்பது வருஷத்துக்கு மேல் அப்படித்தான் வாசித்தார்.

இப்போது நான் பெரம்பலூரில் கணக்கு டீச்சர். அம்மாவும் மாமாவும் என்னோடுதான் இருக்கிறார்கள். பேண்டு செட் இருந்த இடத்தில் செல்போன் ரிப்பேர் கடை இருக்கிறது. ஊர்வலங்களில் செண்டை மேளமும் டிஜே வண்டியும் போகின்றன. கல்லுக்குழியில் விளிம்புவரை தண்ணீர் நிற்கிறது, சுற்றிலும் கம்பிவேலி. மிச்சமிருந்த பற்களையும் எடுத்துவிட்டு மாமாவுக்குப் பல்செட் கட்டிய அன்று, எழுபத்தைந்து வயது அம்மா பழைய பாட்டை ஆரம்பித்தாள். அந்தச் சைக்கிள் மட்டும் இல்லாமலிருந்தால் என் தம்பி எங்கேயோ போயிருப்பான் என்றாள். மாமா தூங்கிக்கொண்டிருந்தார். எனக்கு ஐம்பத்திரண்டு வயது. இனிமேலும் தாங்காது என்று, கல்லுக்குழியில் நடந்ததை அழுதுகொண்டே அம்மாவிடம் சொல்லிவிட்டேன்.

அம்மா முகத்தில் ஒன்றும் மாறவில்லை. “தெரியும்டி. சைக்கிள்ல ஒரு கீறல் இல்ல, ஒன் முழங்கையில இருந்துச்சு.”

அப்புறம் ஏன் அதை இத்தனை வருஷம் திட்டினாய் என்று கேட்டேன்.

“எனக்கும் ஆத்தாம இருந்துச்சுல்ல. ஒன்னையா வைய முடியும், அதான் அத வஞ்சேன். ஆராச்சும் வந்து சைக்கிளப் பாத்தா தெரிஞ்சிடும்னு வித்தும்புட்டேன்.” முந்தானையால் என் முகத்தைத் துடைத்துவிட்டாள். “அவங்கிட்ட சொல்லாத. பொத்திப் பொத்தி வச்சிருக்கான், வச்சிட்டுப் போவட்டும்.”

சொல்லவில்லை. சாயங்காலங்களில் மாமா பல்செட்டைக் கழற்றித் தம்ளரில் போட்டுவிட்டு, மவுத்பீஸை மட்டும் எடுத்து வாயின் வலது ஓரத்தில் வைத்து ஊதுவார். வண்டு முரல்வதுபோல ஒரு பழைய பாட்டு தொடங்கும், இரண்டு வரி கடந்ததும் எங்கோ விலகிப் போகும், நடுவில் நின்றுவிடும். நேற்றும் அப்படித்தான் நின்றது. அம்மா அடுப்படியிலிருந்து, “எங்கடா போச்சு பாட்டு?” என்று கேட்டாள்.

“வந்துடும்க்கா” என்றார் மாமா.