பதினொரு கேமும் மஞ்சள் சீட்டும்

என் தங்கையைப் பற்றி எழுதலாம் என்று உட்கார்ந்தால் முதலில் என்னைப் பற்றித்தான் வருகிறது. பொறுத்துக்கொள்ளுங்கள். ஆறாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்குக் கும்பிடு போட்டவன் நான். மாடிப்படிக்கு அடியில், நிமிர்ந்தால் தலை இடிக்கிற இடத்தில், பழைய வீடியோ கேம் கேசட்டுகளைத் துடைத்து விற்க ஆரம்பித்தேன். இன்று இரண்டு தளம், ஆறு ஊழியர், தானாகத் திறக்கும் கண்ணாடிக் கதவு. இந்த வருஷத்துக்கு முன்பே புதுக் கன்சோல், அதாவது கேம் ஓட்டுகிற மெஷின், வெளியாகும் நாளை ஐந்து முறை பார்த்தவன். ஐந்து முறையும் என் கடை வரிசை அடுத்த தெரு மருந்துக்கடை வரைக்கும் போனது. எவன் தயவும் இல்லாமல் வந்தேன் என்று பார்த்தவர்களிடமெல்லாம் சொல்லியிருக்கிறேன். அது பொய் என்று எனக்கே தெரியாது. தெரிந்த இரண்டு பேரும் என் வீட்டு மனிதர்கள். பத்தொன்பது வருஷம் வாயைத் திறக்கவில்லை.

தங்கை என்னைவிட பதினோரு வயது இளையவள். நான் கூப்பிடுவது பாப்பா. பெரிய ஆஸ்பத்திரியின் சலவைக்கூடத்தில் வேலை. விடிவதற்குள் போவாள், மத்தியானம் இரண்டு மணிக்கு வெளியே வருவாள். சூடான இயந்திரத்திலிருந்து வருகிற போர்வைகளை மடித்து மடித்து அவள் மணிக்கட்டு எப்போதும் லேசாக வீங்கியே இருக்கும். அதிகம் பேச மாட்டாள். கோபம் வந்தால் அவளுக்குப் பதிலாகப் பாத்திரங்கள் பேசும்.

அவளைக் கட்டியவர்தான் என் கடையின் கவுண்டரில் நின்றவர். மாப்பிள்ளை என்பதால் வேலை கொடுத்தேன் என்று நினைக்காதீர்கள். நல்ல உயரம், கனத்த குரல். ஒரு கேம் பெட்டியைக் கையில் எடுத்து, கண்ணாடியை மூக்கு நுனிக்கு இறக்கி, "ம்" என்று சொன்னால் போதும், வாங்க வந்தவன் பணப்பையைத் திறப்பான். தெருவே அவரை ஜட்ஜ் என்று கூப்பிட்டது.

புதுக் கன்சோலின் சூட்சுமத்தைச் சொல்கிறேன். மெஷின் எவ்வளவு உசத்தியாக இருந்தாலும் வெளியாகும் நாளில் அதற்கென்று வருகிற கேம்கள் பத்தோ பன்னிரண்டோதான். அதிலும் பாதி, தேதிக்குள் முடிக்க வேண்டுமே என்று அரையும் குறையுமாகச் செய்தவை. எது நல்லது, எது குப்பை என்று அந்த வாரத்தில் ஊரில் ஒருவனுக்கும் தெரியாது. வாங்குகிறவன் ஆசையில் கண் தெரியாமல் நிற்பான். மற்ற கடைக்காரர்கள் அந்த ஆசையை விற்றார்கள். நான் நம்பிக்கையை விற்றேன்.

எப்படி என்றால், ஒரு வாரம் முன்னதாகவே கம்பெனியிலிருந்து ஒரு மெஷினும் எல்லா கேமிலும் ஒவ்வொரு பிரதியும் கடைக்கு வந்துவிடும். மாப்பிள்ளை அவற்றை வீட்டுக்குக் கொண்டுபோய் விளையாடிப் பார்த்து, பெட்டிக்குப் பெட்டி ஒரு மஞ்சள் சீட்டு ஒட்டுவார். "வாங்கலாம்", "கொஞ்சம் பொறுக்கலாம்", "வேண்டாம்". கீழே ஒரே ஒரு வரி. "கார் நன்றாக ஓடுகிறது, திரையில் மழை பெய்தால் மெஷின் திணறுகிறது." "முதல் இரண்டு மணி நேரம் அலுப்பு, அப்புறம் விடாது." ஒருமுறை, "மணிக்கட்டு வலி உள்ளவர்கள் தொடாதீர்கள், ஓயாமல் அழுத்த வேண்டும்." விற்கிற கடையே வேண்டாம் என்று எழுதி ஒட்டுவதைப் பார்த்து மற்ற கடைக்காரர்கள் சிரித்தார்கள். இன்று அந்தக் கடைகளில் ஒன்றில் செருப்பு விற்கிறார்கள்.

இந்த வருஷம் ஆறாவது கன்சோல் வரப்போகிறது என்று தெரிந்ததும் நான் ஒரு காரியம் செய்தேன். மாப்பிள்ளையைக் கோட்டுப் போட வைத்துப் படம் எடுத்து, ஆள் உயரத்துக்குப் பெரிதாக்கிக் கடை முகப்பில் மாட்டினேன். "எங்கள் ஜட்ஜ் விளையாடிப் பார்த்துச் சொன்னால் சரி" என்று கீழே எழுத்து. படத்தைத் திறந்து வைக்கிற அன்று நாற்பது ஐம்பது பேரைக் கூப்பிட்டு, குளிர்பானம் கொடுத்து, நானே பேசினேன். என் பேச்சைப் பற்றி நானே சொல்லக் கூடாது. ஆனால் இரண்டு பேர் கண்ணைத் துடைத்தார்கள். பாப்பாவும் சலவைக்கூட உடுப்போடு வந்து பின்னால் நின்று கை தட்டினாள். மாப்பிள்ளை மாலையைப் போட்டுக்கொண்டு எல்லோருக்கும் தலை ஆட்டினார்.

வெளியாகும் நாள் வந்தது. பதினொரு கேம், பதினொரு சீட்டு. அதில் எட்டில் "வாங்கலாம்". எட்டா என்று எனக்கே ஒரு சின்ன உறுத்தல். வழக்கமாக மூன்றைத் தாண்டாது. "இந்தத் தடவை எல்லாமே அருமை மச்சான்" என்றார். அவர் வாயிலிருந்து வந்தால் எனக்கு அப்பீல் இல்லை. இருட்டுவதற்குள் அந்த எட்டும் விற்றுக் காலி.

மூன்றாம் நாள் காலை ஒரு பஸ் டிரைவர் வந்தார். எங்கள் பழைய வாடிக்கை. கையில் குகைக்குள் போகிற சாகச கேம் ஒன்று. அதில் ஒட்டியிருந்த சீட்டு: "வாங்கலாம். இரண்டு பேர் சேர்ந்து விளையாட ஏற்றது."

"ஜட்ஜ் சார், என் ரெண்டு பொண்ணுங்களும் ரெண்டு கன்ட்ரோலரை வச்சுக்கிட்டு ரெண்டு நாளா சண்டை. ஒருத்திதான் ஆட முடியுது. இன்னொருத்திக்கு எங்க இருக்கு வழி?"

"மெனுவுக்குள்ள போய்ப் பாருங்க, இருக்கும்" என்றார் மாப்பிள்ளை.

"எல்லா மெனுவும் பாத்தாச்சு சார். பெட்டி பின்னாடி பொடி எழுத்துல போட்டிருக்கான், இருவர் ஆட்டம் பிறகு இணையம் வழியா சேர்க்கப்படும்னு. அப்ப நீங்க யார்கூட சேர்ந்து ஆடிப் பாத்தீங்க?"

கடையில் ஏழெட்டுப் பேர் இருந்தார்கள். எனக்குச் சுருக்கென்றது. ஆனாலும் என் ஆளை நான் விட்டுக்கொடுப்பேனா? "டிரைவர் தம்பி, எங்க ஜட்ஜ் இப்பவே ஆடிக் காட்டுவார், பாருங்க" என்று கன்ட்ரோலரை எடுத்து மாப்பிள்ளை கையில் திணித்தேன். கடை நடுவில் இருந்த பெரிய திரையில் கேமைப் போடச் சொன்னேன்.

திரையில் ஒரு மனிதன் குகை வாசலில் நின்றான். மாப்பிள்ளை எதையோ அழுத்தினார். அவன் குனிந்தான். இன்னொன்றை அழுத்தினார். மறுபடி குனிந்தான். பிறகு நேராகப் போய்ச் சுவரில் முட்டி, முட்டிய இடத்திலேயே நடந்துகொண்டிருந்தான்.

"என்ன சார், சுவத்துக்கு முத்தம் குடுக்குறாரு?" என்றான் ஒருவன். சிரிப்பு. மாப்பிள்ளையின் கட்டைவிரல்கள் எந்தப் பொத்தான் எங்கே என்று தெரியாமல் தடவின. அந்த விரல்களைப் பார்த்தபோதே எனக்குப் புரிந்துவிட்டது. முப்பத்தைந்து வருஷமாக விளையாடுகிறவர்களின் விரலைப் பார்த்து வயிறு வளர்த்தவன் நான். இவர் வாழ்நாளில் ஒரு கேமை முழுதாக விளையாடியதில்லை.

கிடங்கு அறைக்குள் இழுத்துக்கொண்டு போய்க் கதவைச் சாத்தினேன்.

"யாரு ஆடினது இத்தனை வருஷமா?"

அட்டைப்பெட்டி ஒன்றின் மேல் உட்கார்ந்தார். "உங்க தங்கச்சி."

"அப்ப சீட்டு?"

"அவ சொல்லுவா, நான் எழுதுவேன். இந்தத் தடவை ஆட மாட்டேன்னுட்டா. பெட்டி பின்னாடி போட்டிருந்ததைப் படிச்சு நானே எழுதிட்டேன்."

நாள் முழுக்க என் கண் எதிரில் நிற்கிற மனிதன் எந்த நேரத்தில் விளையாடுகிறான் என்று பத்தொன்பது வருஷத்தில் ஒரு தடவைகூட எனக்குக் கேட்கத் தோன்றவில்லை. ஊரையே எடைபோடுகிறவன் என்று என்னைப் பற்றி நினைத்திருந்தேன். எனக்கு வந்த ஆத்திரத்தில் பாதி அவர் மேல். மீதி யார் மேல் என்று அப்போது யோசிக்கவில்லை.

மத்தியானம் இரண்டு மணிக்கு ஆஸ்பத்திரியின் பின்வாசலில் போய் நின்றேன். பாப்பா ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு வந்தாள்.

"என் கூடப் பொறந்தவ நீ. என்கிட்ட மறைக்க உனக்கு எப்படி மனசு வந்தது?"

அவள் ஆச்சரியப்படவில்லை. "முதல் மெஷின் வந்தப்ப நான் உங்ககிட்டதான் முதல்ல வந்தேன்ணே. கேமை ஆடிப் பாத்துட்டு எது நல்லது எது கெட்டதுன்னு சொல்லட்டுமான்னு கேட்டேன். பொம்பளை சொல்லி எவன் வாங்குவான், போய் அடுப்பைப் பாருன்னீங்க. அடுத்த வாரம் அதையே அவர் சொன்னார். தட்டிக்குடுத்தீங்க."

எனக்கு நினைவில்லை. சொல்லியிருப்பேன். அந்த நாளில் நான் எல்லோரிடமும் அப்படித்தான் பேசுவேன்.

"சரி, இத்தனை வருஷம் செஞ்சே. இப்ப ஏன் நிறுத்தினே? கடை பேரு கெட்டுப்போகும்னு தெரியாதா?"

"படம் மாட்டினீங்களே, அன்னைக்கு ராத்திரி அவர்கிட்ட ஒண்ணே ஒண்ணுதான் கேட்டேன். ஊருக்கு வேணாம், எங்க அண்ணனுக்கு மட்டுமாவது சொல்லுங்கன்னு. இப்ப போய் எதுக்கு, மரியாதை போயிடும்னார். யார் மரியாதைன்னு கேட்டேன். திரும்பிப் படுத்துக்கிட்டார்." பஸ் வருகிறதா என்று தெருவை எட்டிப் பார்த்தாள். "நான் ஆடலைன்னா சீட்டு இருக்காதுன்னு நினைச்சேன். பொய்யா எழுதி ஒட்டுவார்னு நினைக்கலை. அதைப் படிச்சு எத்தனை பேர் வாங்கினாங்க?"

"இருநூறுக்கு மேல."

அவள் முகம் அப்போதுதான் மாறியது. கண்ணில் தண்ணீர் இல்லை. யாரோ அவள் மடித்து அடுக்கிய போர்வைகள் மேல் சேற்றுக் காலோடு நடந்ததுபோல ஒரு முகம். பஸ் வந்தது. ஏறிப் போய்விட்டாள்.

மறுநாள் படத்தை நானே கழற்றினேன். சீட்டைப் பார்த்து வாங்கியவர்கள் கொண்டுவந்தால் மறுபேச்சில்லாமல் கேமைத் திரும்ப எடுத்துக்கொள்வேன் என்று எழுதி ஒட்டினேன். வந்தவர்களிடம், இத்தனை காலம் சொன்னது என் தங்கை, இந்த முறை சொன்னது பெட்டியின் பின்பக்கம் என்று என் வாயாலேயே சொன்னேன். பெருந்தன்மை என்று பாராட்டுவார்கள் என்று உள்ளுக்குள் ஒரு நினைப்பு இருந்தது. ஆஸ்பத்திரி நர்ஸ் ஒருத்தி, பதினைந்து வருஷ வாடிக்கை, என்னை நிமிர்ந்து பார்த்துக் கேட்டாள்: "அப்ப பத்தொம்பது வருஷமா வேற ஆளைக் காட்டி எங்களை ஏமாத்தியிருக்கீங்க, இல்லையா?" நானும் ஏமாந்தவன்தான் அம்மா என்றேன். "கடை உங்களுதுதானே?" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

மாப்பிள்ளையை வேலையை விட்டு அனுப்பவில்லை. கிடங்கில் பெட்டி அடுக்குகிறார். எங்களுக்குள் இப்போது பேச்சு என்றால் "அது எங்கே", "இங்கே" அவ்வளவுதான். வீட்டிலும் அதே அளவுதான் என்று கேள்வி. ஜட்ஜ் என்று இப்போது யாரும் கூப்பிடுவதில்லை. கூப்பிட்டால் திரும்பிப் பார்ப்பதும் இல்லை.

பாப்பாவிடம் ஆள் அனுப்பினேன், வரவில்லை. நானே வீட்டுக்குப் போய், கவுண்டரில் வந்து நில், சம்பளம் நீ சொல்வது, உன் படத்தை மாட்டுகிறேன் என்றேன். உள்ளே பாத்திரங்கள் மட்டும் பேசின.

போன சனிக்கிழமை வந்தாள். பின்வழியாக வரவில்லை. எல்லோரையும்போல வரிசையில் நின்றாள். முன்னால் வா என்று சைகை காட்டினேன். நகரவில்லை. முறை வந்ததும் ஒரு கன்சோல் கேட்டாள். அலமாரியை மேலும் கீழும் பார்த்து, யாரும் சீண்டாமல் மூலையில் கிடந்த ஒரு கேமை எடுத்தாள். கலங்கரை விளக்கத்தைப் பழுது பார்க்கிற ஒருவனின் கதை. அந்தப் பதினொன்றில் அதற்குத்தான் மாப்பிள்ளை "வேண்டாம்" என்று எழுதியிருந்தார். நான் சீட்டைக் கிழித்த பிறகும் பசை பெட்டியில் ஒட்டிக்கொண்டிருந்தது.

"உன்கிட்ட நான் காசு வாங்குவேனா பாப்பா?"

"வாங்குங்க. பில்லு என் பேர்ல போடுங்க."

போட்டேன். அவள் முழுப்பெயரை எழுதும்போது இரண்டாவது எழுத்தில் ஒரு கணம் நின்றேன். பாப்பா என்று கூப்பிட்டே பழகிவிட்டது.

"இது நல்லாருக்குமா?" பில்லை நீட்டிக்கொண்டே, குரலைத் தாழ்த்திக் கேட்டேன். வியாபாரத்துக்காகக் கேட்கவில்லை. அவள் என்னிடம் ஏதாவது பேச வேண்டும் என்றிருந்தது.

"உள்ள ஜட்ஜ் இருக்காரே, கேளுங்கண்ணே" என்றாள். பெட்டியை இடுப்பில் அணைத்துக்கொண்டு கதவைத் தாண்டிப் போய்விட்டாள்.

அவளுக்குப் பின்னால் நின்றது அந்த பஸ் டிரைவர். அவள் போன திசையை எட்டிப் பார்த்தார். பிறகு என்னைப் பார்க்காமல் அலமாரியைப் பார்த்துச் சொன்னார்:

"அந்தம்மா எதை எடுத்தாங்களோ, எனக்கும் அதுல ஒண்ணு குடுங்க."