மயிலு கட்டிய பை

கொடைக்கானல் மேல்மலையில் இருக்கும் போளூரில் எனக்குப் பூண்டு வெள்ளாமை. மகள் மயிலு ஏழாவது படித்தாள். வாத்தியார் பழனிக்காரர். சமன்பாட்டுக் கணக்கைத் தராசு வைத்துச் சொல்லிக்கொடுத்தார். ஒரு தட்டில் பூண்டுப்பல் கட்டிய பையும் சில பற்களும் இருக்கும், மறுதட்டில் வெறும் பற்கள். இரண்டிலும் சமமாக எடுத்துக்கொண்டே வந்தால், பிரிக்காமலே பைக்குள் எத்தனை என்று தெரிந்துவிடுமாம். பை கட்டி வருவது தினம் ஒரு பிள்ளையின் முறை.

தன் முறைக்கு மயிலு ஒரே அளவுப் பல்லாகப் பொறுக்கினாள்.

“ஏ புள்ள, விதைப்பூண்டுல கை வைக்காத.”

“இத்தனூண்டு எடுத்தா காடு தரிசாவா கெடக்கும்? எத்தனைன்னு உனக்கும் சொல்ல மாட்டேன்ப்பா. வாத்தியாரே முழிக்கணும்!”

காலையில் பையைக் கொண்டுபோய்க் கொடுத்தவள், பாடம் தொடங்குமுன்னே காய்ச்சலோடு திரும்பினாள். மழையில் கொடைக்கானல் ஆஸ்பத்திரிக்குத் தூக்கிப்போனோம். வழியிலேயே போய்விட்டாள்.

காரியம் முடிந்து வாத்தியார் வந்தார். கையில் அந்தப் பை.

“தராசுல வைக்க எனக்கு மனசு வரலைங்க. பிள்ளைங்களும் பிரிக்க விடலை. உங்ககிட்டயே இருக்கட்டுங்க.”

இருட்டும்வரை கூடவே உட்கார்ந்திருந்தார்.

பையை உத்திரத்தில் தொங்கவிட்டேன். நடவு நேரத்தில் துணி இடுக்கில் பச்சை முளை தெரிந்தது. அப்போதுதான் பிரித்தேன். வீட்டோரம் ஒவ்வொன்றாக ஊன்றினேன்.

எண்ணவில்லை. எனக்குச் சொல்ல மாட்டேன் என்று சொன்னவள் அவள்.