ஏழு நிமிஷ ஷாட்

ஒரு இடத்தில் உட்காரச் சொன்னால் எனக்குக் கால் ஆடும். அப்படிப்பட்டவன்தான் தனிமையைப் பற்றி, வசனமே இல்லாமல், ஒரு வீடியோ எடுக்கக் கிளம்பினேன். விம்கோ நகரில் ஒற்றை அறையில் ஆறு வருஷம். என் கதவைத் தட்டுவது தண்ணி கேன் போடுகிறவர் மட்டும். தனிமையில் கரை கண்டவன் என்ற திமிர் எனக்கு.

எண்ணூர் விரைவுச் சாலையில் துறைமுகத்துக்குப் போகும் கன்டெய்னர் லாரிகள் மணிக்கணக்கில் வரிசையில் நிற்கும். விழுப்புரம் பக்கத்துக் கிராமத்து டிரைவர் ஒருவர் தன் வண்டியில் என்னை ஏற்றிக்கொண்டார். மறுநாள் காலை ஊரில் அவர் மகளுக்குக் காது குத்து. சாயங்காலத்துக்குள் கன்டெய்னர் பெட்டியை இறக்கிவிட்டால் ஊருக்குப் போகும் கடைசி பஸ்ஸைப் பிடித்துவிடலாம் என்று பத்துத் தடவையாவது சொல்லியிருப்பார். சொல்லிக்கொண்டே ஸ்டியரிங்கில் தலை சாய்த்துத் தூங்கிப்போனார். நான் பக்கத்து சீட்டிலிருந்து கேமராவை ஓடவிட்டேன்.

ஒரு ஷாட்டும் முழுசாக அமையவில்லை. வரிசை நகர்ந்தால், பின்வண்டிக்காரர் இறங்கி வந்து முன்வண்டியில் தூங்குகிறவரை எழுப்ப வேண்டும். அங்கே அதுதான் வழக்கம். கதவில் தட்டல், "நைனா, லைன் நவுருது." இவர் விழிப்பார், நாலடி நகர்த்துவார், மறுபடி தூங்குவார். மூன்று முறை இப்படியே. எனக்கு மண்டை காய்ந்தது. நாலாவது முறை, தட்ட வந்தவரை ஜன்னலிலேயே கை காட்டி நிறுத்தினேன்.

"ரெண்டு நிமிஷம்ணே, நானே எழுப்புறேன்."

"மறந்துடாத மாமு. கேப் வுட்டா பூந்துருவானுங்க" என்று சொல்லிவிட்டுப் போனார்.

வெயில் டிரைவர் கன்னத்தில் அவ்வளவு அழகாக விழுந்திருந்தது. இரண்டு நிமிஷம் ஏழானது. பக்கவாட்டில் காத்திருந்த லாரிகள் ஒவ்வொன்றாக முன்னால் நுழைந்தன. நான் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். கடைசியில் பின்வண்டியின் ஹாரனில்தான் அவர் துள்ளி எழுந்தார்.

இருட்டியபோது எங்களுக்கு முன்னால் இன்னும் ஒன்பது வண்டிகள். கடைசி பஸ் போய்விட்டது. மனைவிக்கு போன் போட்டு, "எனக்காக நிக்க வேணாம், குத்திடுங்க" என்றார். அப்புறம் என் பக்கம் திரும்பினார். திட்டியிருந்தால்கூடத் தேவலை.

"தம்பி, நீ பக்கத்துலயேதான இருந்த? ஒரு தட்டு தட்டியிருக்கலாம்ல?"

ராயபுரத்தில் ஒரு பழைய கிடங்கில் வீடியோவைத் திரையிட்டேன். அந்த ஏழு நிமிஷத்தில் சிலருக்குக் கண் கலங்கியது. "பாவம், எவ்ளோ தனியா கீறாரு" என்றார் ஒரு பெண். உண்மையைச் சொல்ல வெட்கமாக இருந்தது. தலையை ஆட்டி வைத்தேன். சத்தத்தைக் கூட்டி வைத்துக் கேட்டால், அவர் மூச்சுக்குப் பக்கத்திலேயே என் மூச்சும் கேட்கும்.