சண்முகராஜ் வைத்த சொந்த விசேஷம்

கோவில்பட்டியிலிருந்து விளாத்திகுளம் போகிற வழியில் எந்த ஊரில் கல்யாணம், சடங்கு என்றாலும் நாற்காலியும் பாத்திரமும் சண்முகராஜ் கடையிலிருந்துதான் வாடகைக்குப் போகும். இறக்கிப் போட்டுவிட்டு மனுஷன் வீடு திரும்ப மாட்டார். சமையல் கொட்டகைக்குப் பின்னால் ஓர் அண்டாவைக் கவிழ்த்து, அதன்மேல் உட்கார்ந்து தடித்தடியாகப் புத்தகம் வாசிப்பார். எல்லாம் மதுரைப் பேராசிரியர் பார்வதியம்மாள் எழுதியவை. பத்தொன்பதாம் நூற்றாண்டில் நம் சனங்கள் எப்படி வாழ்ந்தார்கள் என்று சொல்பவை.

"ராசா கதையா அண்ணாச்சி?" என்று யாராவது கேட்டுவிட்டால் போச்சு.

"ராசா யாருக்குலே வேணும்? நம்ம பாட்டன் பூட்டன் கதைலே இது. அப்பமும் பந்தியில மொத எலை யாருக்குன்னு சண்ட போட்டிருக்காவ! சம்பந்தி கோவிச்சுக்கிட்டு வண்டியப் பூட்டிட்டாராம்!" நேற்று நடந்ததுபோல் சொல்லிச் சொல்லிச் சிரிப்பார்.

அந்த அம்மாளை அழைத்து ஊரில் ஒரு கூட்டம் போட வேண்டும் என்பது அவருடைய நெடுநாள் ஆசை. போனில் கேட்டார், அவரும் சரி என்றுவிட்டார். நாள் குறித்ததில்தான் சண்முகராஜ் கோட்டை விட்டார். புரட்டாசியில் கல்யாணம் கிடையாது, நாற்காலியெல்லாம் சும்மா கிடக்கும் என்று ஒரு ஞாயிற்றுக்கிழமையைச் சொல்லிவிட்டார். மழைக்கு முன்னால் புழுதியில் விதைத்து முடிக்க ஊரே கரிசல் காட்டில் கிடக்கிற மாசம் அது. சொந்தமாக நிலம் இல்லாதவருக்கு அது உறைக்கவில்லை.

அன்று மத்தியானம் சமுதாயக் கூடம் நிறைய நாற்காலி, உட்காரத்தான் ஆளில்லை. முன்வரிசையில் பேராசிரியரும் சண்முகராஜின் மனைவி பொன்மணியும் மட்டும்.

"ஊரார் விசேஷத்துக்கெல்லாம் சேர் பத்தலன்னு ஓடுவிய. நம்ம விசேஷத்துக்கு ஆளு பத்தல" என்றாள் பொன்மணி. சிரிக்கத்தான் சொன்னாள். சண்முகராஜுக்கோ முகம் செத்துப்போனது. இவ்வளவு பெரிய மனுஷியை வரவழைத்து அவமானப்படுத்திவிட்டோமே என்று மனசு கிடந்து அடித்துக்கொண்டது.

"காத்திருப்போம்" என்றார் பேராசிரியர். "விதைப்பு நேரத்துல நானா இருந்தாலும் வரமாட்டேன்."

அப்போதுதான் மேற்கே இடித்தது. கொஞ்ச நேரத்தில் கொட்டித் தீர்த்துவிட்டது. நனைந்த கரிசலில் கால் வைத்தால் முழங்கால் வரை அப்பிக்கொள்ளும், டிராக்டர்கூட இறங்காது. போட்ட விதை நனைந்த குஷியில் ஊரே கரையேறி, தலையில் சாக்கைக் கவிழ்த்துக்கொண்டு நேரே கூடத்துக்கு வந்தது.

"அண்ணாச்சி, அந்தச் சம்பந்தி கதையச் சொல்லிட்டாவளா?" என்று கேட்டுக்கொண்டே விவசாயி லிங்கராஜ் சேற்றுக் காலோடு வெள்ளை நாற்காலியில் ஏறி உட்கார்ந்தான். ஒரு கீறல் விழுந்தாலே ஊரைக் கூட்டுகிற சண்முகராஜ், பின்னால் வந்த சேற்றுக் காலுக்கும் ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டார்.

பேராசிரியர் மைக்கைப் பிடித்தபோது ஒரு நாற்காலி மிச்சமில்லை. "நீங்க உட்காரலையா?" என்று கேட்டார்.

"சேர் இல்லம்மா!" என்று கத்தினார் சண்முகராஜ். தொழிலுக்கு வந்த இத்தனை வருஷத்தில் அந்த வார்த்தையை அவர் இவ்வளவு சந்தோஷமாகச் சொன்னதில்லை.

பொன்மணி எழுந்து போய், டீ போடக் கொண்டுவந்திருந்த அண்டாக்களில் ஒன்றை உருட்டிக்கொண்டு வந்து, முன்வரிசைக்கும் முன்னால் கவிழ்த்துப் போட்டாள். சண்முகராஜ் அதில் ஏறிச் சம்மணமிட்டு உட்கார்ந்தார்.

"இப்பம் சொல்லுங்கம்மா."