திரைக்குப் பின்னால் சிரிப்பில்லை

ஒலக்கூரைத் தாண்டி ஒரு கிராமம். பொழுது சாய்ந்துவிட்டது. மைதானத்தில் இரண்டு மூங்கில்களுக்கு நடுவே வேட்டியைத் திரையாகக் கட்டி, மதராஸிலிருந்து நாங்கள் கொண்டுவந்த பழைய ஜெர்மன் ஊமைப்படத்தைப் போடுகிறோம். ஒரு சின்ன ஊரின் கதை, வேடிக்கைப் படம். மேயருடைய நாற்காலியில் செருப்புத் தைப்பவன் ஒருவன் தெரியாமல் உட்கார்ந்துவிடுகிறான். ஊரே சேர்ந்து அவனைத் துரத்துகிறது.

ஊர்க்காரர்கள் வயிறு குலுங்கச் சிரிக்கிறார்கள். சேரி ஜனங்களைத் திரைக்குப் பின்புறம் உட்காரவைத்திருக்கிறார்கள். அங்கிருந்து ஒரு சத்தமும் இல்லை. இடம் வலம் மாறித் தெரிவதால் குழப்பமோ என்று எழுந்து போய்ப் பார்க்கிறேன்.

"ஏம்மா, படம் புரியலையா?" ஓரத்தில் மல்லாட்டைக் கடலை உரித்துக்கொண்டிருக்கும் பெண்ணிடம் கேட்கிறேன்.

"புரியாம இன்னா சார்? டீக்கடை பெஞ்சில குந்திட்டாருன்னு எங்க வூட்டுக்காரரையும் இப்பிடித்தான் தொரத்திக்கினு போனாங்க. ஏரில வுழுந்தாரு."

திரையில் செருப்புத் தைப்பவனும் குளத்தில் விழுகிறான். நனைந்த தொப்பியோடு எழுந்து வந்து, வாயிலிருந்து தண்ணீரைப் பீய்ச்சுகிறான்.

"இவரு எழுந்து வந்துட்டாரு சார்" என்கிறாள்.

அந்தப் பக்கம் கைதட்டல். "தொரத்துறத இன்னொரு வாட்டி போடுங்க!" என்று கத்துகிறார்கள். போடட்டுமா என்று ஆபரேட்டர் என்னைக் கூவிக் கேட்கிறார். வேண்டாம் என்று சொல்ல நினைத்தவன், "போடுங்க" என்கிறேன்.

மறுபடியும் துரத்துகிறார்கள். இந்தப் பக்கத்தில் பலர் எழுந்து போகிறார்கள். அவள் போகவில்லை. அவன் தண்ணீரிலிருந்து எழுந்து வரும் இடத்துக்காகக் காத்திருக்கிறாள்.