தகரம் கட்டிய வண்டி

கல்முனையில் ஒரு காப்புறுதி அலுவலகத்தில், மோட்டார் சைக்கிளுக்குப் பணம் கட்டக் காத்திருந்தபோதுதான் அவரைக் கண்டேன். தலையில் தொப்பி, முழங்கைவரை மீன்செதில்; மீன் விற்கும் முஸ்லிம் அண்ணன், ஊர்ப்பேச்சில் காக்கா. டீசல் கிடைக்காத காலத்தில் தன் பிக்கப்பின் எஞ்சினைக் கழற்றிவிட்டு பற்றரியும் மோட்டாரும் பூட்டியிருந்தார். அப்படியொரு வண்டியைக் காப்புறுதி செய்ய அங்கே கேட்ட தொகை அவருக்குக் கட்டுப்படியாகாது.

"காக்கா, வண்டிப் பதிவுப் புத்தகத்துல டீசல் வண்டி எண்டுதானே கிடக்கு? அப்படியே போடுவம், மலிவா முடியும்," என்றார் மேசையில் இருந்தவர்.

"ஆருக்கும் அடிபட்டா காசு வருமா?"

"பொலிசு மறிச்சா காட்டலாம்," என்றார் மேசைக்காரர், மின்விசிறியைப் பார்த்தபடி. மீன்காரர் பணத்தைக் கட்டினார்.

நான் வெளியே வந்தபோது, அவர் வண்டியின் பின்னால் குனிந்து, கயிற்றில் தொங்கிய பால்மா டின்களை இழுத்துப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"இது என்னத்துக்கு காக்கா?"

"வண்டிக்குச் சத்தமில்ல தம்பி. வரிப்பத்தான்சேனைக்கு மீன் கொண்டு போறன். அறுப்புக் காலத்துல அங்க ரோட்டுலதான் நெல்லுக் காயப்போடுவாங்க. பொம்புளையள் முதுகக் காட்டிக்கிட்டு நெல்லுக் கிண்டுவாங்க, நான் வாறது கேக்கா. கிட்டப் போய் ஹோன் அடிச்சா, பதறி வண்டிக்குள்ளயே பாயிறாங்க."

காப்புறுதிக் கடதாசியைச் சட்டைப்பையில் மடித்து வைத்தார்.

"இது பொலிசுக்கு. நெல்லுக் கிண்டுறவங்களுக்கு இந்த டின்தான்."

தகரம் கடகடக்க வண்டி போனது. கட்டியிருந்தது மீன்பெட்டி கட்டும் பழைய நைலோன் கயிறு. பாதி பிரிந்து பிசிறாகியிருந்தது. ஒவ்வொரு நெல்லறுப்புக்கும், இன்னும் அறாமல் இருக்குமா என்று, அந்தக் கயிறுதான் என் ஞாபகத்தில் வருகிறது.