அவர்கள் குளித்ததும் நம் கணக்கில்தான்

ஒரே ஒரு ஊரிலே ஒரே ஒரு தண்ணீர் ஆபீஸ் இருந்ததாம். அதன் கவுன்டரில் சத்தமாகப் பேசத் தெரியாத ஒரு பையன் உட்கார்ந்திருந்தானாம். ஊர், அமெரிக்காவில் ஈஸ்ட் பிரன்ஸ்விக்குக்குப் பக்கத்தில் ஒரு டவுன்ஷிப். பையன், நான். பழைய வீடு வாங்கி மாட்டிக்கொண்ட சக அவதிக்காரர்களே, எங்கள் தொழிலில் ஒரே சட்டம்தான்: தண்ணீர் பாக்கி ஆளைச் சேர்ந்ததல்ல, வீட்டைச் சேர்ந்தது. விற்றவர் போய்விடலாம், பாக்கி அங்கேயே குடியிருக்கும்.

வாங்கியதும் வாங்காததும்

புதிதாக வீடு வாங்கிய ஓர் ஆன்ட்டி, பில்லைக் கவுன்டர் கண்ணாடியில் அழுத்திக் காட்டினார். எல்லாம் அவர் குடிவருவதற்கு முந்தைய பாக்கி. கைமாறும்போதே உங்கள் லாயர் கேட்டு, விற்றவர் பணத்தில் கழித்திருக்க வேண்டும் என்று விளக்கினேன். பொறுமையாகக் கேட்டார். பிறகு என் சட்டையில் இருந்த பெயரைப் படித்துவிட்டு, இங்கிலீஷை ஓரமாக வைத்தார்.

"தம்பி, நான் வீட்டைத்தானே வாங்கினேன்? அவங்க குளிச்சதையுமா வாங்கினேன்?"

மார்கழிக்கு முன்னால்

பாஸ்கர் அங்கிளும் ரவி அங்கிளும் பல வருஷம் ஒரே காரில் பிரின்ஸ்டன் ஜங்ஷன் போய், ஒரே ரயிலில் வேலைக்குப் போனவர்கள். ரவி அங்கிளுக்கு வேறு மாநிலத்தில், பிளானோவில் வேலை கிடைத்ததும், வீட்டை பாஸ்கர் அங்கிளுக்கே விற்றார்.

வீடு கைமாறும் முன் எங்கள் ஆள் போய் மீட்டர் பார்ப்பது வழக்கம். ஆனால் கிடைத்த தேதியோ மார்கழி பிறந்த பிறகு. மார்கழியில் யாராவது பால் காய்ச்சுவார்களா? மீட்டர் பார்க்க வேண்டாம், மீட்டர் பார்க்காமல் குத்துமதிப்பாக இதுவரை வந்த உத்தேச பில்லே போதும் என்று சொல்ல இருவரும் சேர்ந்தே வந்தார்கள். பார்த்துவிடுவது நல்லது அங்கிள் என்று மெல்ல இழுத்தேன். பாஸ்கர் அங்கிள் நண்பர் தோளில் கை போட்டுக்கொண்டார்.

"இவன் வீட்டு மீட்டரை நான் செக் பண்ணணுமா? நல்லா இருக்கு போ."

புல்வெளிக்கு அடியில்

பனி உருகியதும் எங்கள் ஆள் மீட்டரைப் பார்த்தார். ரவி அங்கிள் இருந்த கோடை முழுக்க, புல்வெளிக்கு அடியில் ஸ்பிரிங்க்ளர் பைப் ஒழுகியிருக்கிறது. உத்தேச பில்லில் அது தெரியவில்லை, அவருக்கும் தெரியாது. விட்டுப்போனது மொத்தமும் புது ஓனர் தலையில் வந்து இறங்கியது. கட்டாவிட்டால் வீட்டின் மேலேயே கடனாக ஏறும்.

பாஸ்கர் அங்கிள் மூக்குக் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு தொகையை மறுபடி படித்தார். ரவி அங்கிளிடம் போன் பண்ணிப் பேசுங்களேன் என்றேன். காசு விஷயத்தை வாயால் எப்படிக் கேட்பது என்று தயங்கினார். பில்லை போட்டோ எடுத்து, ஒரு வார்த்தை இல்லாமல் வாட்ஸப்பில் அனுப்பினார். ஏதாவது எழுதலாமே என்றேன்.

"என்னத்த எழுதறது? அவனுக்குப் புரியும்."

செக் புத்தகம்

சில நாள் கழித்து செக் புத்தகத்தோடு வந்தார். வெறும் பில்லை அனுப்பியதற்கு அவர் மனைவி நன்றாகத் திட்டியிருக்கிறார் போல. முழுதும் நானே கட்டிவிடுகிறேன், ரவியிடம் அதை மறந்துடுடா என்று சொல்லப்போகிறேன் என்றார். நேரில் போய்ச் சொல்லத்தான் பிளானோவுக்கு டிக்கெட் போட்டிருந்தார்.

நான் கம்ப்யூட்டரைப் பார்த்தேன். யார் எங்கிருந்து வேண்டுமானாலும் ஆன்லைனில் கட்டலாம். வீட்டின் கணக்கு எண் போதும். முந்தின நாளே முழுதும் கட்டியாகிவிட்டது. கட்டியவர் ரவி அங்கிள் என்று சொன்னேன்.

அங்கேயே நின்று போன் பண்ணினார். மணி அடித்து ஓய்ந்தது. மறுபடி பண்ணினார். பிறகு வாட்ஸப்பைத் திறந்து என் பக்கம் திருப்பிக் காட்டினார். பில்லின் படம், ஓரத்தில் இரண்டு நீல டிக், கீழே வெறுமை.

"பாத்துட்டான் தம்பி. அவனும் ஒண்ணும் எழுதல."

செக் புத்தகத்தைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு அவர் கதவைத் தள்ளி வெளியே போனார். எங்கள் ஆபீஸ் கணக்குப்படி, அந்த வீட்டில் யாரும் யாருக்கும் எந்தப் பாக்கியும் இல்லை.